பழவேற்காட்டில் அரை நாள்: எதைப் பார்ப்பது, எந்த வரிசையில் பார்ப்பது

இப்போ சென்னையில் வியட்நாம் சீசன். எங்கள் கே.கே. நகரில் எங்கள் தெருவிலேயே மூன்று குடும்பம் போயிட்டு வந்தாச்சு. எல்லார் போனிலும் ஹோய் ஆன் ஊரின் படங்கள் இருக்கின்றன: மஞ்சள் சுவர் வீடுகள், தொங்கும் துணி விளக்குகள், ஆற்றில் சின்னப் படகு. அங்கே ‘அரை நாள் டூர்’ ரொம்பப் பிரபலம். காலையில் வழிகாட்டியோடு பழைய தெருக்களில் நடக்கணும். ஜப்பானியப் பாலம், சீன வணிகர் மன்றம், பழைய வியாபாரி வீடு ஒன்று என்று பார்த்துவிட்டு, கடைசியில் படகில் ஏறி ஆற்றில் ஒரு சுற்று வரணும். மதியச் சாப்பாட்டுக்கு முன்னால் ஊரின் கதை கையில் வந்துவிடும்.

போன வருஷம் நானும் அந்த டூரில் நடந்தேன். வழிகாட்டி சொன்ன கதை எனக்கு ஏற்கெனவே தெரிந்த கதையாக இருந்தது. 16, 17ஆம் நூற்றாண்டுகளில் ஜப்பானியர், சீனர், போர்த்துக்கீசியர், டச்சுக்காரர் எல்லாரும் வந்து போன துறைமுகம். பிறகு தூ போன் ஆற்றில் மண் சேர்ந்து, பெரிய கப்பல்கள் வர முடியாமல் போய், வியாபாரம் பக்கத்து டா நாங்குக்கு நகர்ந்துவிட்டது. பணம் போனதால் யாரும் பழைய வீட்டை இடித்துப் புதுசு கட்டவில்லை. அதனால் ஊர் பிழைத்தது. 1999-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது.

இதே கதை சென்னைக்கு வடக்கே சுமார் 60 கிலோமீட்டரில் இருக்கிறது. அதே டச்சுக் கம்பெனி, அதே மண் சேர்ந்த முகத்துவாரம், வியாபாரத்தை இழுத்துக்கொண்ட பக்கத்து ஊர். அந்தப் பக்கத்து ஊர்தான் நம்ம சென்னை. ஆனால் பழவேற்காடு போயிட்டு வருகிற பத்தில் ஒன்பது பேர், ‘அங்க ஒண்ணுமே இல்லையே, மீன் மட்டும் நல்லா இருந்துச்சு’ என்றுதான் சொல்கிறார்கள். அவர்கள் சொல்வதில் பாதி நியாயம் உண்டு. ஹோய் ஆனில் வீடுகள் நிற்கின்றன, வழிகாட்டி இல்லாமலும் கண்ணுக்கு வேலை இருக்கிறது. பழவேற்காட்டில் கட்டடம் குறைவு. சொல்ல ஆள் இல்லாவிட்டால் மேடு வெறும் மேடு, கல் வெறும் கல். அதனால் அரை நாளில் எந்த வரிசையில் நடந்தால் ஊர் புரியும் என்று நான் வைத்திருக்கும் குறிப்புகளை இங்கே எழுதுகிறேன்.

போகும் வழி

கே.கே. நகரிலிருந்து என்றால் அசோக் நகர் அல்லது வடபழனியில் மெட்ரோ ஏறினால் நேரே சென்ட்ரல். அங்கே மூர் மார்க்கெட் வளாகத்தில் கும்மிடிப்பூண்டி மின்சார ரயிலைப் பிடித்துப் பொன்னேரியில் இறங்கணும். பொன்னேரியிலிருந்து பழவேற்காட்டுக்குப் பஸ் உண்டு, சுமார் 20 கிலோமீட்டர். காலை எட்டரைக்குள் ஊருக்குள் நிற்பது நல்லது. அதற்கு மேல் போனால் மீன் இறங்குவதையும் பார்க்க முடியாது, வெயிலும் தாங்காது.

முதலில் தண்ணீர்

வழக்கமாக எல்லாரும் கல்லறையில் ஆரம்பித்து ஏரியில் முடிப்பார்கள். நான் மாற்றிச் சொல்வேன். முதலில் ஏரிக்கரைக்குப் போங்கள். இந்த ஊர் ஏன் இங்கே வந்தது என்பதற்கான பதில் அங்கேதான் இருக்கிறது.

சோழமண்டலக் கரை முழுக்கத் திறந்த கடல். அலை நேராக மணலில் வந்து மோதும். கப்பல் ஒதுங்க இடமே கிடையாது. தூரத்தில் நங்கூரம் போட்டு, சின்னப் படகுகளில் சரக்கை அலையைத் தாண்டிக் கொண்டுவரணும். பழவேற்காட்டில் ஒரு வசதி: மணல் திட்டுக்குப் பின்னால் பெரிய உப்பங்கழி. இந்தியாவில் சிலிகாவுக்கு அடுத்த பெரிய உவர்நீர் ஏரி இது. இதன் பெரும்பகுதி இன்று ஆந்திரத்தில் இருக்கிறது. ஸ்ரீஹரிகோட்டாத் தீவுதான் இதற்கும் கடலுக்கும் நடுவில் சுவர். கப்பல் வெளியே நிற்கும், படகுகள் முகத்துவாரம் வழியாக உள்ளே வரும். உள்ளே வந்துவிட்டால் தண்ணீர் அமைதி. சரக்கு ஏற்ற, இறக்க, பதுக்க எல்லாவற்றுக்கும் தோதான இடம்.

ஆனால் ஏரி ஆழமில்லை. பல இடங்களில் ஒரு ஆள் நின்றால் இடுப்பு, மார்பு அளவுதான். முகத்துவாரத்தில் வருஷா வருஷம் மணல் சேரும், கோடையில் அடைந்துகொள்ளும். ஊரை வளர்த்தது இந்த வாய்தான், முடக்கியதும் இதேதான். இன்றைக்கும் மீனவர்களின் முதல் கவலை முகத்துவாரம் திறந்திருக்கிறதா என்பதுதான். அடைந்தால் படகு கடலுக்குப் போகாது, இறாலும் உள்ளே வராது.

கோட்டை மேடு

கரையிலிருந்து ஊருக்குள் திரும்பினால், முள்ளும் புதரும் மண்டிய மேடும் அதைச் சுற்றிய அகழியின் தடமும் தெரியும். கெல்ட்ரியா கோட்டையில் மிச்சம் அவ்வளவுதான். இங்கே நிற்கும்போது நாலைந்து ஆண்டுகளை மனசில் வைத்துக்கொண்டால் போதும்.

16ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே போர்த்துக்கீசியர் இங்கே வந்துவிட்டார்கள். 1610-ல் டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி, விஜயநகர மன்னர் இரண்டாம் வேங்கடரிடம் அனுமதி வாங்கிப் பண்டகசாலை வைத்தது. 1612-ல் சாந்தோமிலிருந்து வந்த போர்த்துக்கீசியர் அதை அடித்து நொறுக்கினார்கள். 1613-ல் டச்சுக்காரர் கோட்டையை முடித்தார்கள். அங்கே தலைமைப் பொறுப்பில் இருந்த வெம்மர் வான் பெர்கெமின் சொந்த மாகாணம் கெல்டர்லாந்து. அந்தப் பெயர்தான் கோட்டைக்கு வந்தது. 1690-ல் தலைமையகம் நாகப்பட்டினத்துக்கு மாறும்வரை, சோழமண்டலக் கரையில் டச்சுக்காரரின் தலைநகரம் பழவேற்காடுதான். இங்கே வெடிமருந்துகூடத் தயாரித்துக் கப்பலேற்றினார்கள்.

டச்சுக்காரர் இங்கே காலூன்றியதால் ஆங்கிலேயருக்கு இடம் கிடைக்கவில்லை. கொஞ்ச நாள் பழவேற்காட்டிலேயே ஒட்டிக்கொண்டு பார்த்தார்கள், சரிப்படவில்லை. 1626-ல் ஏரியின் வடகோடியில் ஆர்மகானில் கோட்டை போட்டார்கள். அங்கேயும் துணி சரியாகக் கிடைக்காமல், 1639-ல் தெற்கே மதராசப்பட்டினத்துக்கு வந்தார்கள். கே.கே. நகரில் உட்கார்ந்துகொண்டு நான் இதை எழுதுவதற்கு, நாலு நூற்றாண்டுக்கு முன் பழவேற்காட்டில் இடம் கிடைக்காமல் போனதும் ஒரு காரணம்!

கடைசியில் கோட்டையை இடித்ததும் ஆங்கிலேயர்தான். 1824 ஒப்பந்தத்தின்படி அடுத்த ஆண்டு ஊரும் அவர்கள் கைக்கு வந்தது. கோட்டை போனாலும் பெயர் போகவில்லை. பக்கத்து மீனவக் குப்பத்தின் பெயர் இன்றும் கோட்டைக்குப்பம்.

துணி

டச்சுக்காரருக்கு வேண்டியது கிராம்பும் ஜாதிக்காயும். அது விளைகிற மொலுக்கா தீவுகளில் இருந்தவர்களுக்கு வேண்டியது இந்தியத் துணி. வெள்ளியைக் காட்டினால்கூட அவ்வளவு மதிப்பில்லை, நம்ம ஊர்க் கட்டம் போட்ட துணிக்கும் சாயத் துணிக்கும்தான் கிராக்கி. ஆக மிளகுக்கும் கிராம்புக்கும் சாவி இந்தக் கரையின் நெசவாளர் கையில் இருந்தது. அதற்காகத்தான் கோட்டை, அகழி எல்லாம்.

அந்த வியாபாரத்தின் தடம் சொற்களில் தங்கிவிட்டது. மலேசியாவிலும் இந்தோனேசியாவிலும் ஆண்கள் கட்டும் கட்டம் போட்ட கைலிக்கு ‘கைன் பெலிக்காட்’ என்று பெயர். பெலிக்காட் என்பது புலிகாட், அதாவது பழவேற்காடு. நம்ம ஊர் லுங்கிக் கடைகளில் ‘பளையகாட்’ என்று சொல்வதும் அதேதான். இன்னொன்று மயிலாப்பூர்க்காரர்களுக்கு: ஜப்பானில் கோடு போட்ட ஒருவகைப் பருத்தித் துணிக்கு ‘சாந்தோமே’ என்று பெயர். சாந்தோம் கடற்கரையின் பெயர் துணியோடு கப்பலேறிப் போய் அங்கே ஒட்டிக்கொண்டது.

கல்லறை

இங்கே நிதானமாக நில்லுங்கள். டச்சுக் கல்லறைத் தோட்டம் இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருக்கிறது. வாசலிலேயே கல்லில் செதுக்கிய எலும்புக்கூடுகள் வரவேற்கும். குழந்தைகளை அழைத்துப் போனால் அங்கிருந்து நகர மாட்டார்கள். உள்ளே கூம்பு வடிவக் கல்லறைகள், மண்டபம் மாதிரி எழுப்பியவை, டச்சு எழுத்தும் குலச்சின்னமும் செதுக்கிய பெரிய கருங்கல் பலகைகள். செதுக்கு வேலை அபாரம். சோழமண்டலக் கரையில் இப்படிச் செதுக்கிய கற்கள் பதாவியாவுக்கும், அதாவது இன்றைய ஜகார்த்தாவுக்கும், கப்பலில் போயின.

ஆனால் பதாவியாவுக்குப் போனது கல்லும் துணியும் மட்டுமில்லை, மனிதர்களும் போனார்கள். 17ஆம் நூற்றாண்டில் இந்தக் கரையில் பஞ்சமும் போரும் வந்த ஒவ்வொரு முறையும் டச்சுக் கம்பெனியின் அடிமை வியாபாரம் பெருகியது. 1622-23, 1646, 1659-61 என்று அலை அலையாக. சோறில்லாத வீட்டில் பெற்றவர்களே பிள்ளையை விற்றிருக்கிறார்கள். தன்னைத்தானே விற்றுக்கொண்டவர்களும் உண்டு. தரகர்கள் பிடித்துக்கொண்டு வந்தவர்களும் உண்டு. ஆயிரக்கணக்கில் கப்பலேற்றப்பட்டார்கள். அந்தக் கணக்குகளைக் கம்பெனிக் குமாஸ்தாக்கள் துணிக் கணக்கு மாதிரியே எழுதி வைத்தார்கள். அதனால்தான் இன்று நமக்குத் தெரிகிறது.

கல்லறையைப் பார்த்த முதல் தடவை எங்களுக்கு வழிகாட்டிய உள்ளூர்ப் பெரியவர் ஒவ்வொரு கல்லாகப் பெயர் சொல்லிக்கொண்டே வந்தார். நான் அடிமைகளைப் பற்றிக் கேட்டேன். ‘அவங்களுக்கு ஏது சார் கல்லு? கரையிலதான் ஏத்துனாங்க, நீங்க காலைல நின்னீங்களே, அந்தப் பக்கம்’ என்றார். அதனால்தான் முதலில் கரைக்குப் போகச் சொன்னேன். கல் இருப்பவர்களின் கதையைக் கல்லே சொல்லிவிடும். மற்றவர்களின் கதையை வழிகாட்டி சொன்னால்தான் உண்டு. சிற்ப அழகை மட்டும் காட்டிவிட்டு நகரும் டூர் என்றால், நீங்களே கேளுங்கள்.

தெருக்கள்

அங்கிருந்து பள்ளிவாசல் தெருப் பக்கம் வரலாம். இங்குள்ள முஸ்லிம் குடும்பங்கள் தங்கள் முன்னோர் அரேபியாவிலிருந்து கப்பலில் வந்தவர்கள் என்று வழிவழியாகச் சொல்கிறார்கள். தமிழை அரபு எழுத்தில் எழுதும் அரபுத் தமிழ் வழக்கம் இங்கேயும் இருந்தது. பள்ளிவாசலில் ஒரு சூரியக் கடிகாரம் உண்டு. தொழுகை நேரம் தவிர்த்து, அனுமதி கேட்டுப் பாருங்கள். பெண்கள் பனையோலையில் கூடையும் பெட்டியும் முடைகிறார்கள். வாங்கிக்கொள்ள வேண்டிய பொருள் அதுதான்.

ஆதிநாராயணப் பெருமாள் கோயில் விஜயநகர காலத்தது. ஓட்டை ஓட்டையான செம்புராங்கல்லில் கட்டியது. சென்னைக்குப் பக்கத்தில் இந்தக் கல்லில் கோயில் பார்ப்பது அபூர்வம். சின்னச் சின்ன ராமாயணக் காட்சிகளும் உண்டு, கிட்டே போய்ப் பாருங்கள். மகிமை மாதா கோயில் போர்த்துக்கீசியர் காலத் தொடர்ச்சி. ஒரு மணி நேர நடைக்குள் மூன்று மதம், நாலு நாட்டுக்காரர்கள்.

படகு

ஹோய் ஆன் டூரில் படகு சுலபம். இங்கே அப்படி இல்லை. 2011 டிசம்பர் 25, கிறிஸ்துமஸ் அன்று, இந்த ஏரியில் சுற்றிப் பார்க்கப் போனவர்களின் படகு கவிழ்ந்து 22 பேர் இறந்தார்கள். ஆழம் குறைவான ஏரிதான், ஆனால் முகத்துவாரத்துக்குப் பக்கத்தில் இழுப்பு வேறு. அளவுக்கு மீறி ஆள், உயிர்காப்புக் கவசம் இல்லை. அதன் பிறகு சுற்றுலாப் பயணிகளை ஏற்றத் தடை வந்தது.

கரையில் நின்றால் யாராவது ‘அண்ணே, போட் வேணுமா?’ என்று மெதுவாகக் கேட்பார்கள். அனுமதி இருக்கிறதா, ஆளுக்கொரு கவசம் இருக்கிறதா என்று கேளுங்கள். இரண்டில் ஒன்றுக்கு ‘இல்லை’ என்றால் ஏறாதீர்கள். கலங்கரை விளக்கம் போகிற பாலத்தில் நின்றாலே ஏரியின் பாதி தெரியும். குளிர்காலத்தில் அதிர்ஷ்டம் இருந்தால் தூரத்தில் பூநாரைக் கூட்டமும் தெரியும்.

ஒழுங்கான படகுச் சேவை இந்த ஊருக்கு வரணும் என்பது என் ஆசை. காரணம் உல்லாசம் மட்டுமில்லை. இங்கே ‘பாடு’ என்று ஒரு முறை இருக்கிறது. முகத்துவாரத்துக்குப் பக்கத்தில் இறால் நன்றாகக் கிடைக்கும் இடங்களில் யார் எந்த நாளில், எந்த இடத்தில் வலை கட்டுவது என்பதை மீனவக் குப்பங்கள் தங்களுக்குள் முறை வைத்தும் சீட்டுப் போட்டும் பங்கிட்டுக்கொள்கின்றன. அரசு எழுதிக் கொடுத்த சட்டம் இல்லை, ஊர்க் கட்டுப்பாடு. கோட்டையும் கம்பெனியும் போன பிறகும் தண்ணீரில் நடக்கும் நிர்வாகம் இது. கரையில் நின்று பார்த்தால் வெறும் கம்பும் வலையும்தான் தெரியும். அந்த மீனவர்களே படகோட்டிகளாகவும் வழிகாட்டிகளாகவும் இருந்து, கவசத்தோடும் ஆள் கணக்கோடும் கூட்டிப்போனால் அவர்களுக்கும் வருமானம், நமக்கும் ஊர் முழுசாகப் புரியும்.

கடைசியாகச் சில குறிப்புகள்

நவம்பர் நடுவில் மழை வலுக்கும்போது வேண்டாம், ஜனவரி, பிப்ரவரி நல்லது. தொப்பி, தண்ணீர் கட்டாயம். நிழல் குறைவு. நண்டும் இறாலும் வாங்குவதாக இருந்தால் நடையை முடித்துவிட்டுக் கிளம்பும்போது வாங்குங்கள், ஐஸ் கேட்டு வாங்குங்கள். முடிந்தால் உள்ளூர்க்காரர் ஒருவரை வழிகாட்டியாக அமர்த்தி, பேசிய பணத்தைக் குறைக்காமல் கொடுங்கள். ஒரு மணி வாக்கில் பொன்னேரி பஸ்ஸில் ஏறினால் நாலு மணி டீக்கு வீட்டில் இருக்கலாம்.