வேடந்தாங்கல் உழவர் குடும்பங்களும் ஏரி மரபும்

முன்னுரை

உத்திரமேரூர் வைகுண்டப் பெருமாள் கோயிற் சுவரிலுள்ள முதலாம் பராந்தக சோழன் காலக் கல்வெட்டுகள் (கி.பி. 919, 921) குடவோலை முறைக்காகவே பெரிதும் பேசப்படுகின்றன. அம்முறையில் அமைந்த வாரியங்களுள் ஏரி வாரியமும் ஒன்று. ஏரியைப் பேணுதல் ஊரின் பொதுக்கடமை என்னும் கருத்து, அதே வட்டாரத்து வேடந்தாங்கலில் உழவர் குடும்பங்களின் வாழ்முறையாகவே நிலைபெற்றுள்ளது. சுற்றுலா பெருகிவரும் இக்காலத்தில் அம்மரபின் அடிப்படை யாது என்பதை இக்கட்டுரை விளக்குகிறது.

ஏரி, பறவை, வயல்

வேடந்தாங்கல் 2019 வரை காஞ்சிபுரம் மாவட்டத்திலும், அதன்பின் செங்கல்பட்டு மாவட்டத்திலும் அமைந்தது. சுமார் 30 எக்டேர் பரப்புள்ள இவ்வேரியில், வடகிழக்குப் பருவமழையால் நீர் நிறைந்ததும் நத்தைக்குத்தி நாரை, அரிவாள்மூக்கன், நீர்க்காகம் முதலிய பறவைகள் கூடுகட்டுகின்றன. அவற்றின் எச்சம் கலந்த நீர் மதகு வழியே பாய்ந்து நெற்பயிருக்கு உரமாகிறது. இதனை உழவர்கள் பட்டறிவால் உணர்ந்திருந்தனர். பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் ஆங்கிலப் படைவீரர்கள் பறவைகளைச் சுட்டபோது, ஊரார் ஆட்சியர் லயனல் பிளேசிடம் முறையிட்டு 1798-இல் பாதுகாப்புக்கான கவுல் பெற்றனர். தீபாவளியன்று வெடி வெடிக்காத வழக்கமும் இவ்வுறவின் தொடர்ச்சியே. இதனை உயிரிரக்கம் என்று மட்டும் கூறுதல் பொருந்தாது. பறவைக்கு அடைக்கலமும் வயலுக்கு உரமும் என்னும் கொடுக்கல் வாங்கலே இதன் அடித்தளம்.

சுற்றுலாவும் வேளாண்மையும்

கரையிலும் காட்சிக் கோபுரத்திலும் நின்று காணும் பயணியர்க்குப் பறவைகளே தெரிகின்றன. வயல்கள் பார்வைக்கு அப்பால் உள்ளன. ஆனால் அப்பறவைகள் இரைதேடுவது சுற்றுப்புற ஏரிகளிலும் நெல்வயல்களிலும்தான். ஏரியைச் சுற்றி 5 கி.மீ. ஆரத்திற்குட்பட்ட பகுதி 1998-இல் சரணாலயமாக அறிவிக்கப்பட்டமை இதனாலேயே பொருள் உடையதாகிறது. அதனை 3 கி.மீ. ஆகக் குறைக்க 2020-இல் முன்வைக்கப்பட்ட கருத்துரு எதிர்ப்புக்குள்ளாகிப் பின்னர்க் கைவிடப்பட்டது. 2022-இல் இவ்விடம் ராம்சார் பட்டியலிலும் இடம்பெற்றது.

நிறைவுரை

சட்டமும் பட்டியலும் நீர்நிலையைக் காக்கலாம். ஊரின் வழக்கத்தைக் காப்பது உழவே. சுற்றுலா வருவாயை நம்பி வயல்கள் தரிசாக விடப்படின், வெடியற்ற தீபாவளி பொருளிழந்து வெறும் கட்டுப்பாடாகும். எனவே மரபுப் பாதுகாப்பு என்பது அக்குடும்பங்களின் பாசன உரிமையையும் சாகுபடியையும் பேணுவதிலிருந்தே தொடங்குதல் வேண்டும். மதகு திறக்கும் காலம், எருவிடும் அளவு முதலிய வீட்டுவழி அறிவைத் தொகுப்பது ஆய்வாளர்தம் உடனடிப் பணியாகும்.