ஒரே படத்தோடு விரட்டப்பட்ட ரோசி

நம் அகஸ்தீஸ்வரத்துக்காரர் ஜே.சி.டானியேல் 1920களின் கடைசியில், சொந்த நிலத்தை விற்ற பணத்தில் ஒரு பேசாப் படம் எடுத்தார். பெயர் 'விகதகுமாரன்'. முதலாளி யாரும் பின்னால் இல்லை. எழுதியது, இயக்கியது, கதாநாயகனாக நடித்தது எல்லாம் அவரே. இன்று சுயாதீன சினிமா என்கிறோமே, அதற்கு முன்னோடி இது. மலையாளத்தின் முதல் படமும் இதுதான்.

அதன் கதாநாயகி பி.கே.ரோசி. திருவனந்தபுரம் நந்தன்கோட்டில் புலையர் குடும்பத்தில் பிறந்தவர். இயற்பெயர் ராஜம்மா. புல் அறுத்துப் பிழைத்த வீடு. காக்காரிசி நாடகத்தில் ஆடிப் பாடி நடிப்புக் கற்றவர். டானியேல் அவருக்குக் கொடுத்தது சரோஜினி என்ற நாயர் பெண்ணின் வேடம்.

குற்றம் அதுதான். திருவனந்தபுரம் கேபிடல் தியேட்டரில் முதல் காட்சி நடந்தபோது, நடித்தவருக்கே அங்கே இடமில்லை. ரோசி வந்தால் நாங்கள் வரமாட்டோம் என்றார்கள் பெரிய மனிதர்கள். திரையில் அவரைக் கண்டதும் கூட்டம் கொதித்தது. கல் பறந்தது, திரை கிழிந்தது. பிறகு அவருடைய குடிசைக்கும் தீ வைத்தார்கள். உயிர் தப்ப லாரி ஏறிய ரோசி வந்து சேர்ந்த இடம் நம் நாகர்கோவில். அந்த லாரி ஓட்டுநரையே மணந்து, ராஜம்மாள் என்ற பெயரில் வாழ்ந்து மறைந்தார். மறுபடி நடிக்கவே இல்லை.

படச்சுருளும் இன்று இல்லை. டானியேல் பெயரில் கேரள அரசு 1992 முதல் விருது வழங்குகிறது. ரோசியின் பெயரோ பல பத்தாண்டுகள் யார் வாயிலும் வரவில்லை. 2013இல் வந்த 'செல்லுலாய்டு' படம்தான் அவரைப் பலருக்கும் அறிமுகம் செய்தது. இயக்குநர் பா.இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையம் சென்னையில் பி.கே.ரோசி திரைப்பட விழாவை நடத்துகிறது.

நம் பெண்ணுக்குத் திறமை இருந்தது, வாய்ப்பும் வந்தது. மேல்சாதிப் பெண்ணாக அவர் நடித்ததைத்தான் சாதியால் பொறுக்க முடியவில்லை. மேல்சாதி நடிகைகள் சேரிப் பெண்ணாக நடித்தால் விருது கிடைக்கிறது. அதற்காக யாரும் அவர்கள் வீட்டைக் கொளுத்தியதில்லை. யார் எந்த வேடம் போடலாம் என்ற கணக்கு நம் பள்ளி ஆண்டுவிழா நாடகம் வரை நீள்கிறது. ராணி வேடம் யாருக்கு, வேலைக்காரி வேடம் யாருக்கு என்று மாணவர்கள் கவனித்துப் பாருங்கள், கேள்வி கேளுங்கள்.

ரோசியின் பிறந்தநாள் பிப்ரவரி 10. நம் மாவட்டக் கல்லூரிகள் அன்று அவர் பெயரில் ஒரு படமாவது திரையிட வேண்டும். அவருக்கு அடைக்கலம் தந்த ஊர் நம்முடையது. அந்த உரிமையில்தான் கேட்கிறோம்.