தேதிதான் சார் சீனியர்!

கம்பத்திலிருந்து தேனி போகும் காலை பஸ். சின்னமனூரில் ஏறிய மச்சான் முகம், வெயிலில் காய்ந்த திராட்சை மாதிரி சுருங்கியிருந்தது. அக்கா வீட்டுக்காரர். அரசாங்க ஆபீஸில் உதவியாளர்.

"என்ன மச்சான்?"

"சீனியாரிட்டி லிஸ்ட் வந்துருச்சு மாப்ளே. சர்வீஸ் கமிஷன் எழுதிட்டு ரெண்டு வருஷம் முந்தி வந்த பையன் எனக்கு மேல நிக்கிறான். நான் நாலு வருஷத்துக்கு முந்தியே புரமோஷன் வாங்கி, ஊருக்கே பிரியாணி போட்டவன்!"

பிரியாணி வாஸ்தவம்தான். நானே ரெண்டு தடவை வாங்கிச் சாப்பிட்டேன். ஆனால் அந்த ஆர்டரில் 'தற்காலிகமாக' என்று ஒரு வார்த்தை இருந்ததை நாங்கள் யாரும் கவனிக்கவில்லை. ஆபீஸ் பாஷையில் 'டென் ஏ ஒன்'. அவசரத்துக்கு ஆள் போடும் விதி. முறைப்படி தேர்ந்தோர் பட்டியலில் அவர் பெயர் வந்தது போன வருஷம்தான்.

நான் பி.காம். சரக்குக் கணக்கில் 'முதலில் வந்தது முதலில் போகும்' என்று படித்தவன். சர்க்கார் உத்தியோகமும் அப்படித்தான் என்று நினைத்திருந்தேன். இல்லை சார். எப்போது வந்தீர்கள் என்பதோடு, எந்த வாசல் வழியாக வந்தீர்கள் என்றும் கேட்கிறார்கள்.

1990 மே மாதம், மகாராஷ்டிர என்ஜினீயர்கள் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் இதற்குக் கோடு போட்டார்கள். விதிப்படி நியமனம் என்றால் நியமனத் தேதியிலிருந்தே சீனியாரிட்டி. பணி நிரந்தரமான தேதி முக்கியமில்லை. விதியை மீறிய இடைக்கால ஏற்பாடு என்றால் அந்தக் காலம் கணக்கில் வராது. ஆனால், நடைமுறையில் குறை இருந்தும் இடைவெளியின்றி வேலை பார்த்து, பிறகு விதிப்படி வரன்முறை செய்யப்பட்டிருந்தால் அந்தக் காலமும் சேரும். மச்சானுக்கு இருக்கும் ஒரே நூலிழை இதுதான்.

நேரடியாக வந்தவர்களுக்கும் கடிவாளம் உண்டு. 2019 நவம்பரில் மணிப்பூர் போலீஸ் வழக்கில், பதவிக்கே வராத நாளிலிருந்து சீனியாரிட்டி கேட்க முடியாது என்றது உச்ச நீதிமன்றம். காலியிடம் என்றைக்கு விழுந்தது என்பது பேச்சில்லை. ஆள் என்றைக்கு நியமனமானார் என்பதுதான்.

"அப்ப மனு போட்டுப் பார்க்கலாம்ங்கிற?"

"உடனே போடுங்க மச்சான். ஆறப் போட்டா கோர்ட்டே கேட்காது."

சும்மா சொல்லவில்லை. சீனியாரிட்டியை எதிர்க்க மூன்று, நான்கு வருடம்தான் நியாயமான காலம் என்று 2009-ல் ஒரு ஒடிசா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தமிழ்நாட்டின் பழைய பொது விதி 35-லும் மூன்று வருடக் கெடுதான். முதல் மனு, நியமனம் செய்த அதிகாரிக்கு. அங்கே நடக்காவிட்டால் மதுரை ஹைகோர்ட் கிளை இருக்கவே இருக்கிறது.

ஆகவே ஆபீஸ் நண்பர்களே, புரமோஷன் ஆர்டர் கையில் வந்ததும் ஸ்வீட் கடைக்கு ஓடாதீர்கள். நிதானமாக உட்கார்ந்து கடைசி வரி வரை படியுங்கள். வரைவுப் பட்டியல் வந்தால் உங்கள் பெயரை மட்டும் பார்க்காமல், மேலே நாலு பெயர், கீழே நாலு பெயர், அவர்கள் தேதிகளோடு பாருங்கள்.

தேனியில் இறங்கியதும் மச்சான் நேரே ஜெராக்ஸ் கடைக்கு நடந்தார். பாதி வழியில் திரும்பினார்.

"இந்தத் தடவை ஜெயிச்சாலும் பிரியாணி கிடையாது மாப்ளே. டீதான். தற்காலிகமா!"