சாவி கொடுத்தால் ஓடும் இலையுதிர்காலம்

நவம்பர் கடைசி வாரத்தில் ஹெல்சிங்கியில் உச்சிவேளைச் சூரியன்கூட அடிவானத்துக்கு மேல் 10 டிகிரி ஏறாது. நிழல் நாள் முழுக்க நீண்டே கிடக்கும். மஞ்சளும் சிவப்பும் கொட்டித் தீர்ந்த இந்தப் பருவத்தைக் குறும்படமாக எடுக்க வருபவர்களில் சிலர் இன்றும் கையில் வைத்திருப்பது போலெக்ஸ் ஹெச்16 என்ற பழைய 16 மி.மீ. கேமரா.

1935-இல் அதை வெளியிட்ட சுவிஸ் நிறுவனம் பையார், இசைப்பெட்டியும் கிராமபோனும் செய்து பழகியது. சுருள்வில் அவர்களுக்குக் கைவந்த கலை. அதனால் கேமராவுக்கு பேட்டரி வேண்டாம். சுவர்க்கடிகாரத்துக்குச் சாவி கொடுப்பதுபோல முறுக்கிவிட்டால் போதும். நொடிக்கு 24 பிரேம் வேகத்தில் சுமார் 28 நொடி ஓடி நின்றுவிடும். 100 அடிச் சுருளே மொத்தம் இரண்டே முக்கால் நிமிடம்தான். கண்டதையெல்லாம் எடுத்துத் தள்ள வழியில்லை.

கிளையிலிருந்து கழன்ற இலை தரைக்கு வர இரண்டு நொடி ஆகிறது என்று வையுங்கள். வேகத் திருகை 64-க்குத் திருப்பி எடுத்தால் திரையில் அது ஐந்து நொடிக்கு மேல் மிதக்கும். ஆனால் வேகம் கூடினால் ஒவ்வொரு பிரேமுக்கும் கிடைக்கும் வெளிச்சம் குறையும். 1956-இல் வந்த ரிஃப்ளெக்ஸ் மாடலில், வியூஃபைண்டருக்கென்று ஒரு பங்கை முப்பட்டகம் வேறு எடுத்துக்கொள்கிறது. வெளிச்சமே அரிதான மாதத்தில் லென்ஸை முழுக்கத் திறப்பதைத் தவிர வழியில்லை. திறந்தால் இலை மட்டும் தெளிவாக நிற்கும், பின்னாலிருக்கும் காடு கரைந்துவிடும். பார்ப்பவர் சோகம் என்று உணர்வதில் பாதி, வெளிச்சப் பற்றாக்குறை செய்த வேலை!

பிரேம் பிரேமாகவும் எடுக்கலாம். ஏரி மீதுள்ள மூடுபனி விலகும் ஒரு மணி நேரத்தை ஐந்து நொடிக்கு ஒரு பிரேம் என்று பிடித்தால், திரையில் அது அரை நிமிடம். ஒலிதான் தனி வேலை. கேமராவே கடகடவென்று சத்தம் போடும் என்பதால், சருகு நொறுங்கும் ஓசையைப் பிறகு பதிவுசெய்துதான் சேர்க்க வேண்டும்.

1949-இல் நியூயார்க் வந்திறங்கிய லிதுவேனியக் கவிஞர் ஜோனாஸ் மேகஸ் இதே கேமராவால் பல்லாண்டுகள் நாட்குறிப்பு எழுதினார். 1969-இல் வந்த அவருடைய ‘வால்டன்’ படத்தில் பருவங்கள் சில பிரேம்களின் வெடிப்பாகத் தாவி ஓடுகின்றன. முக்காலியை நட்டு மெதுவாக எடுத்தால்தான் கவித்துவம் வரும் என்று நம்புகிறவர்களுக்கு நான் முதலில் போட்டுக்காட்டுவது அதைத்தான்.