சுருங்கச் சொன்ன சொல்

கடன் பத்திரம் ஒன்றிற்குப் பிணை நிற்கும்படி நண்பன் கேட்கிறான். இளைஞனும் உடன்பட்டுவிட்டான். சட்டையை மாட்டிக்கொண்டு அவன் படலையைத் திறக்கும் வேளையில், திண்ணையிலே பாக்கு இடித்துக்கொண்டிருக்கும் ஆச்சி தலையை நிமிர்த்தாமலே, "ஆழம் அறியாமல் காலை விடாதே" என்கிறாள். அவ்வளவுதான். நண்பன் நேர்மையற்றவன் என்று அவள் சொல்லவில்லை; பேரன் அறிவற்றவன் என்றும் சொல்லவில்லை. கடன், வட்டி, நீதிமன்றம் என்னும் சொற்கள் அவள் வாயில் வரவேயில்லை. எனினும், படலையிற் கை வைத்தவன் ஒரு கணம் நின்றுவிடுகிறான்.

யாழ்ப்பாணத்திலாயினும் மட்டக்களப்பிலாயினும் இத்தகைய காட்சி புதிதன்று. இதே அறிவுரையை மூன்று பக்கக் கடிதமாக எழுதிக் கொடுத்திருந்தால் அவ்விளைஞன் வாசித்து மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு போயிருப்பான். நாலே நாலு சொற்கள் அவனை நிறுத்தியது எப்படி?

இக்கேள்விக்கு விடை தேடுவோர் முதலிற் செல்லவேண்டிய இடம் தொல்காப்பியம். நாம் பழமொழி என்று வழங்குவதைத் தொல்காப்பியர் முதுமொழி என்பர். செய்யுளியலிலே அதற்கு அவர் வகுத்த இயல்புகள் நான்கு: நுண்மை, சுருக்கம், ஒளியுடைமை, எண்மை. எண்மை என்பது எளிமை. நுண்மையும் எளிமையும் ஒருங்கே வேண்டும் என்று அவர் கருதியது கவனிக்கத்தக்கது. நுண்ணிய கருத்தைக் கடுஞ்சொல்லில் எழுதுவோர் பலர். எளிய சொல்லிலே வெறும் எளிய கருத்தைச் சொல்வோர் அவரினும் பலர். இரண்டையும் ஓரிடத்திற் பொருத்துவது அரிது. இவ்வளவோடு அவர் நிறுத்தவில்லை. எடுத்துக்கொண்ட பொருள் ஒன்றை முடித்துக் காட்டுதற்குக் காரணமாய் வருவது முதுமொழி என்றும் கூறினார். ஆகவே, முதுமொழி தனித்து நிற்பதற்குப் பிறந்ததன்று. அதற்கு முன்னால் ஒரு வழக்கு, ஒரு தயக்கம், திறக்கப்படும் ஒரு படலை இருத்தல் வேண்டும்.

சொல்லின் அமைப்பைச் சற்றே பிரித்துப் பார்க்கலாம். "சிறுதுளி பெருவெள்ளம்" என்பதில் வினைச்சொல் இல்லை, காலம் இல்லை, யார், எங்கே, எதை என்பதும் இல்லை. இரண்டு பொருள்கள் அருகருகே வைக்கப்பட்டிருக்கின்றன. சிறுமையும் பெருமையும் முரணி நிற்கின்றன. துளி எவ்வாறு வெள்ளமாயிற்று என்னும் இடைவெளியைக் கேட்பவனே நிரப்பிக்கொள்ள வேண்டும். உண்டியலிற் காசு சேர்க்கும் சிறுவன் ஒருவாறு நிரப்புவான். நாளுக்கு நாள் மதுவிற் காசை இழப்பவன் வேறொருவாறு நிரப்புவான். "அடிமேல் அடி அடித்தால் அம்மியும் நகரும்" என்னும்போது, அகரம் நான்கு முறை வந்து மோனையாய் நின்று, அம்மியை அடிக்கும் ஓசையையே காதில் எழுப்புகிறது. எழுத்தறியாதார் வாயிலும் இத்தொடர் சிதையாமல் நிலைத்ததற்கு இவ்வோசை ஒரு காரணம். மோனையிற் கை வைத்தால் தொடர் குலைந்துவிடும். குலைந்ததைக் கேட்ட காது உடனே அறிந்துகொள்ளும்.

இன்னொரு காரணம், பழமொழிக்கு ஆசிரியர் பெயர் இல்லாமை. ஆச்சி தன் வாயாற் சொன்னாலும், அது ஆச்சியின் சொல் அன்று. அவளோடு வாதிடலாம், முன்னோர் எல்லோரோடும் எவ்வாறு வாதிடுவது? அதேவேளை, பேரனுக்கு அவமானமும் இல்லை. தன்னைக் கடிந்துகொள்ளாமல் பொதுவாக ஏதோ சொன்னாள் என்று அவன் தன் மானத்தைக் காத்துக்கொள்ளலாம். நேரே சொன்னால் புண்படும் இடத்திற் பழமொழி சுற்றிவந்து நுழைகிறது.

ஆயினும் பேரன் வாயற்றவன் அல்லன். "துணிந்தவனுக்குத் துக்கம் இல்லை" என்று அவனும் ஒரு பழமொழியையே திருப்பிச் சொல்லக்கூடும். இரண்டும் தமிழ்ப் பழமொழிகளே. இரண்டும் ஒரேவேளையில் உண்மையாதல் கூடாது. பழமொழிகளை எள்ளுவோர் எடுத்துக்காட்டும் குறை இதுவே. ஆனால் பழமொழியைச் சட்டநூலின் பிரிவாகக் கொள்வதனால் எழும் குறை இது. மருந்துப் பெட்டியிலே காய்ச்சலைத் தணிக்கும் மருந்தும் உண்டு, உடலைச் சூடாக்கும் மருந்தும் உண்டு. அதற்காகப் பெட்டி முரண்பட்டது என்று எவரும் கூறார். எதை எப்பொழுது எடுப்பது என்பது வைத்தியனின் அறிவைப் பொறுத்தது.

சுருங்கிய சொல்லின் ஆயுளைக் காணப் பழமொழி நானூறு நல்ல சான்று. பதினெண்கீழ்க்கணக்கைச் சேர்ந்த இந்நூலில் முன்றுறையரையனார் நானூறு வெண்பாக்களிலும் பழமொழிகளை அமைத்துப் பாடினார். வெண்பாக்களைக் கற்றோரே அறிவர். பழமொழிகளிற் பல இன்றும் சந்தையிலே பேசப்படுகின்றன. தவளை தன் வாயாற் கெடும் என்னும் கருத்து அந்நூலிலே உண்டு. ஆனால் அங்கே தவளைக்கு வழங்கும் சொல் நுணல். நுணல் வழக்கொழிந்தது, தவளை அவ்விடத்தில் வந்து அமர்ந்தது, கருத்துக்கு ஊறு நேரவில்லை. புலவர் கட்டிய மாளிகையைவிட அதில் வைத்த கல் நெடுநாள் வாழ்ந்தது எனலாம்.

இக்கற்களைத் திரட்டிய முயற்சியில் யாழ்ப்பாணத்துக்கும் பங்குண்டு. ஆறுமுகநாவலரோடு சேர்ந்து விவிலிய மொழிபெயர்ப்பிற் பணியாற்றிய வெஸ்லியன் மிஷனைச் சேர்ந்த பீற்றர் பேர்சிவல் பாதிரியார், 1840களில் யாழ்ப்பாணத்திலே தமிழ்ப் பழமொழிகளை ஆங்கில மொழிபெயர்ப்புடன் அச்சேற்றினார். பின்னர் 1874இல் சென்னையில் வெளியான பெருந்தொகுதியில் 6,000க்கு மேற்பட்டவை இடம்பெற்றன. அரிய தொண்டு அது. எனினும் அகரவரிசையில் அடுக்கப்பட்ட பழமொழிகளை ஒன்றன்பின் ஒன்றாய் வாசிப்பவர் விரைவிலே களைத்துப்போவர். ஒவ்வொன்றையும் உயிர்ப்பித்த தருணம் அங்கே இல்லாமையே காரணம். எந்த நிகழ்ச்சியை நோக்கி எழுந்தது என்பது மறைந்துபோனமையால் இன்று பொருள் விளங்காத பழமொழிகளும் உள.

இதற்கு நேர்மாறான வழியிற் சென்றது ஆத்திசூடி. தருணம் வரும் முன்னரே சொல்லைக் குழந்தையின் நாவில் ஏற்றிவிடுவது அதன் முறை. ஔவையார் பெயரால் வழங்கும் அந்நூலின் 109 அடிகளும் நெடுங்கணக்கின் வரிசையிலே செல்கின்றன. பெரும்பாலும் அடிக்கு இரண்டு மூன்று சொற்களே. ஏடு தொடக்கி, மணலிலே விரலால் எழுதிப் பழகிய பிள்ளை எழுத்தையும் ஒழுக்கத்தையும் ஒன்றாகவே கற்றது. பொருள் விளங்காமல் மனனம் செய்வித்தது பிழை என்பர் இக்காலக் கல்வியாளர். சட்டம்பியாரின் பிரம்பை எவரும் ஆதரிக்க வேண்டியதில்லை. ஆனால் ஐந்து வயதில் விளங்காத சொல் ஐம்பது வயதில் விளங்குவதற்கு, அது நாற்பத்தைந்து ஆண்டுகள் உள்ளே கிடந்திருக்க வேண்டும் அல்லவா?

இடர் வேறோரிடத்தில் உள்ளது. உள்ளே கிடப்பது நல்ல சொல்லாகவே இருக்கும் என்பதற்கு உறுதி என்ன? பெண்ணின் பேச்சைக் கேளாதே என்று பணிக்கும் அடி ஒன்றும் அதே ஆத்திசூடியில் இருக்கிறது, அதுவும் பெண்பாற்புலவர் ஒருவர் பெயரால். மனைவியின் சொல்லையே அது குறிப்பதாக உரைகாரர் சுருக்குவர். சுருக்கினாலும் முள் முள்தான். சுருக்கமும் ஓசையும் நல்லதைப் போலவே தீயதையும் நெஞ்சிற் பதிக்க வல்லன. சாதியை இழித்தும் உடற்குறையை எள்ளியும் வழங்கும் பழமொழிகள் எத்தனையோ உள. அவையும் மோனை தவறாதவையே.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலே பாரதியார் இதனை உணர்ந்தார். ஆயினும் அவர் எதிர்த்து நெடுங்கட்டுரை எழுதி அமையவில்லை. பழைய வடிவத்தையே எடுத்து, 110 அடிகளிற் புதிய ஆத்திசூடியை இயற்றினார். அச்சத்தை நீக்குவதை முதலடியில் வைத்தார். பெண்ணை உயர்த்தச் சொன்னார். பழைய நூல் சினத்தைத் தணிக்கக் கற்பிக்க, புதிய நூல் அறச்சீற்றத்தைப் பழகச் சொல்கிறது. இரண்டையும் ஒரே வாரத்தில் மனனம் செய்த சிறுமி ஒருத்தி, "அப்பா, கோபம் கொள்ளலாமா, கூடாதா?" என்று கேட்பாளாயின், அதற்கு இரண்டு சொல்லில் விடை கூற இயலாது. அன்றைய மாலைப்பொழுதை அவர் அவளோடு இருந்து பேசியே கழிக்க வேண்டியிருக்கும்.