ரைன் கரையில் அணையும் ஆலைகள்

2022 கோடையின் கடைசியில், கிழக்கு ஜெர்மனியின் பீஸ்டெரிட்ஸ் ஊரிலுள்ள எஸ்.கே.டபிள்யூ. நிறுவனம் தன் அம்மோனியா ஆலைகளை நிறுத்தியது. அந்த நாட்டில் அம்மோனியாவை அதிகம் தயாரிக்கும் நிறுவனம் அதுதான். உரம் கிடைக்காதே என்று விவசாயிகள் கவலைப்பட்டதில் வியப்பில்லை. கூடவே லாரி உரிமையாளர்களும் பதறினார்கள். டீசல் புகையின் நஞ்சைக் குறைக்க லாரியில் ஊற்றும் 'ஆட்புளூ' திரவம் யூரியாவால் ஆனது, யூரியாவுக்கு மூலம் அம்மோனியா. அந்தத் திரவம் தீர்ந்துபோனால் நவீன லாரிகளின் எஞ்சின் கிளம்பாது. பீர், சோடா தயாரிப்பவர்களுக்கும் சிக்கல் வந்தது. பாட்டிலில் நுரை பொங்கவைக்கும் கார்பன் டை ஆக்சைடு, பெரும்பாலும் அம்மோனியா ஆலைகளின் உபரியாகவே அவர்களுக்குக் கிடைத்துவந்தது.

ஒரு நிறுவனத்தின் ஆலைகள் நின்றதற்கே இத்தனை.

ஜெர்மனி என்றதும் காரும் இயந்திரமும்தான் நம் நினைவுக்கு வரும். அந்த இரண்டுக்கும் அடுத்த பெரிய தொழில் வேதித் தொழில். மருந்துத் துறையையும் சேர்த்தால் ஏறக்குறைய 4.8 லட்சம் பேருக்கு அது வேலை கொடுக்கிறது. கார் இருக்கையின் நுரைமெத்தையும் பெயின்டும் பசையும் அங்கிருந்துதான் போகின்றன. ஆகவே இந்தத் துறையின் நோய் அதோடு நிற்காது.

நோயின் வேர் எரிவாயு. மற்ற தொழில்களுக்கு எரிவாயு அடுப்புக்கான எரிபொருள் மட்டுமே. வேதித் தொழிலுக்கோ அதுவே மூலப்பொருளும்கூட. அம்மோனியாவுக்கு வேண்டிய ஹைட்ரஜனை மீத்தேனிலிருந்துதான் பிரித்தெடுக்கிறார்கள். விலை ஏறினால் அடுப்பைச் சிக்கனமாக எரிக்கலாம். மூலப்பொருளில் எப்படிச் சிக்கனம் பிடிப்பது? உக்ரைன் போருக்கு முன்பு ஜெர்மனி இறக்குமதி செய்த எரிவாயுவில் பாதிக்கும் மேல் ரஷ்யாவிலிருந்து குழாய் வழியே மலிவாக வந்தது. ஒரு மெகாவாட் மணிக்கு 20 யூரோ அளவில் இருந்த ஐரோப்பியச் சந்தை விலை, 2022 ஆகஸ்டில் 300 யூரோவைத் தாண்டியது. பிறகு வெகுவாக இறங்கியும், பாறைப்படிவ எரிவாயு கொழிக்கும் அமெரிக்காவின் விலையைவிடப் பல மடங்கு உயரத்திலேயே நின்றுவிட்டது.

இதன் அடி எப்படி விழுந்தது என்பதை லுட்விக்ஸ்ஹாஃபனில் பார்க்கலாம். ரைன் நதிக்கரையில் 10 சதுர கிலோமீட்டரில் பரந்திருக்கும் பி.ஏ.எஸ்.எஃப். என்ற வேதி நிறுவனத்தின் வளாகம் அங்கேதான் இருக்கிறது. 1897இல் செயற்கை நீலச்சாயத்தைச் சந்தைக்குக் கொண்டுவந்து இந்தியாவின் அவுரிச் சாகுபடியைச் சாய்த்தது இந்த நிறுவனம்தான். காற்றிலுள்ள நைட்ரஜனை அம்மோனியாவாக்கும் உலகின் முதல் பெரிய ஆலையும் 1913இல் இங்கேதான், ஓப்பாவில் இயங்கத் தொடங்கியது. வளாகத்தின் சுமார் 200 ஆலைகளை 2,800 கிலோமீட்டருக்கும் அதிகமான குழாய்கள் பிணைத்திருக்கின்றன. ஓர் ஆலையின் கழிவு அடுத்த ஆலைக்குச் சரக்கு, ஓர் ஆலையின் வெப்பம் இன்னொன்றுக்கு நீராவி. நல்ல காலத்தில் இதைவிடச் சிக்கனமான ஏற்பாடு கிடையாது. கெட்ட காலத்திலோ, எதை நிறுத்தினாலும் அதன் பாதிப்பு அக்கம்பக்கத்து ஆலைகளிலும் தெரியும்.

2023 பிப்ரவரியில் அங்கிருந்த இரண்டு அம்மோனியா ஆலைகளில் ஒன்றையும், நுரைமெத்தைக்கான டி.டி.ஐ. ஆலையையும் மூடுவதாக பி.ஏ.எஸ்.எஃப். அறிவித்தது. அந்த டி.டி.ஐ. ஆலை கட்டிப் பத்தாண்டுகூட ஆகவில்லை. இன்னொரு பக்கம், நிறுவன வரலாற்றிலேயே மிகப் பெரிய முதலீடு சீனாவின் ஜான்ஜியாங் நகரத்துக்குப் போனது. 2018இல் அந்தத் திட்டத்தை அறிவித்தபோது சொன்ன தொகை 1,000 கோடி டாலர்.

ஆக, போரின்மேல் மட்டும் பழியைப் போட்டுத் தப்பிக்க முடியாது. எரிவாயு விலை உச்சத்துக்குப் போகும் முன்பே சீனா ஆலைமேல் ஆலையாகக் கட்டி, அடிப்படை வேதிப்பொருள்களை உலகச் சந்தையில் குவிக்கத் தொடங்கியிருந்தது. 2018இல் மழை பொய்த்து ரைனில் நீர்மட்டம் தாழ்ந்தபோது சரக்குக் கப்பல்கள் முழுப் பாரத்துடன் ஓட முடியவில்லை. அதில் பி.ஏ.எஸ்.எஃப். மட்டுமே சுமார் 25 கோடி யூரோ இழந்தது. அண்மை ஆண்டுகளில் ஜெர்மன் வேதி ஆலைகள் தங்கள் திறனில் முக்கால் பங்கு அளவுக்கே இயங்கிவந்திருக்கின்றன. லாபம் பார்க்க 80 விழுக்காட்டுக்கு மேல் ஓட வேண்டும்.

இனி என்ன? மீட்பு முயற்சிகள் இல்லாமலில்லை. எத்திலீன் தயாரிக்க நாஃப்தாவை உடைக்கும் உலையை மின்சாரத்தால் சூடாக்கும் சோதனை ஆலை 2024இல் லுட்விக்ஸ்ஹாஃபனில் தொடங்கியது. தண்ணீரைப் பிரித்து ஆண்டுக்கு 8,000 டன் வரை ஹைட்ரஜன் தரக்கூடிய 54 மெகாவாட் நிலையமும் அங்கே 2025இல் திறக்கப்பட்டது. இரண்டுமே மலிவான மின்சாரத்தை நம்பியவை, ஜெர்மனியில் இன்று இல்லாததும் அதுதான். காற்றாலைகள் கடலோர வடக்கில் இருக்கின்றன, பெரிய ஆலைகள் பலவும் தெற்கிலும் மேற்கிலும். இரண்டையும் இணைக்கும் மின்தடங்கள் பல ஆண்டுகள் பின்தங்கிவிட்டன.

அடிப்படைப் பொருள்களை வெளிநாட்டில் வாங்கிக்கொண்டு, விலையுயர்ந்த சிறப்பு வேதிப்பொருள்களை மட்டும் ஜெர்மனியில் செய்யலாம் என்று சிலர் யோசனை சொல்கிறார்கள். அம்மோனியாவைக் கப்பலில் கொண்டுவரலாம், உண்மைதான். எத்திலீன் அப்படியல்ல. அதைக் கடுங்குளிரில் திரவமாக்கிச் சுமக்கும் செலவு மிக அதிகம் என்பதால், குழாயில் வாங்குவதே கட்டுப்படியாகும். எத்திலீன் உலை அணைந்தால் அதை நம்பிய ஆலைகளும் ஒவ்வொன்றாக இடம்பெயரும். அப்போது போவது வேலை மட்டுமல்ல, தலைமுறை தலைமுறையாகச் சேர்ந்த கைத்திறனும்தான். மின்சார விலைக்கு அரசு கைகொடுப்பதானால் முதலில் இந்த உலைகளுக்கே கொடுக்க வேண்டும்.

உலை அணைந்தால் என்ன ஆகும் என்ற சோதனை லைப்சிக் அருகே தொடங்கிவிட்டது. போலன் நகரிலுள்ள தன் எத்திலீன் உலையை 2027 இறுதியில் மூடப்போவதாக அமெரிக்காவின் டவ் நிறுவனம் 2025 ஜூலையில் அறிவித்துவிட்டது. வேறு எங்கிருந்து வாங்குவது என்று தேட, அதைச் சார்ந்திருக்கும் ஆலைகளுக்கு இருப்பது அதுவரையிலான அவகாசம்தான்.