பங்கு மாற்ற ஒப்பந்தமும் ஏற்றதை ஆற்றுதலும்

ஒரு நிறுமத்தின் பங்குகளை மாற்றித் தருவதாக ஒப்பந்தம் செய்தவர் பின்னர் மறுத்தால், அவரை அந்த ஒப்பந்தப்படியே நடக்குமாறு நீதிமன்றம் ஆணையிடலாம். இப்பரிகாரம் ஏற்றதை ஆற்றுதல் எனப்படும். இந்தியாவில் இதற்கான சட்டம் 1963ஆம் ஆண்டின் குறித்தவகைப் பரிகாரச் சட்டம் ஆகும்.

பணமா, பங்கா?

பங்குச் சந்தையில் விற்கப்படும் பங்கை வேறொருவரிடமும் வாங்கலாம். எனவே அதற்கு இழப்பீட்டுப் பணமே போதும் என்பது பழைய பார்வை. தனி நிறுமத்தின் பங்கு அப்படியன்று. மதுரையில் ஒரு குடும்பம் நடத்தும் நூற்பாலையை எண்ணிப் பாருங்கள். அதன் பங்கு கடைவீதியில் கிடைக்காது. சில பங்குகள் கைமாறினால் ஆலையின் நிர்வாகமே கைமாறலாம். எண்ணிக்கையில் குறைந்த, சந்தையில் எளிதில் கிடைக்காத பங்குகளுக்கு ஏற்றதை ஆற்ற ஆணையிடலாம் என்று ஜெய்நாராயண் ராம் லுண்டியா வழக்கில் கூட்டாட்சி நீதிமன்றம் 1949இல் ஏற்றுக்கொண்டது. 2018ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின், சட்டம் கூறும் விலக்குகள் தவிர, இப்பரிகாரம் பொதுவிதியாகவே ஆகிவிட்டது.

ரங்கராஜ் வழக்கு

தமிழ்நாட்டிலிருந்து சென்ற வி. பி. ரங்கராஜ் எதிர் வி. பி. கோபாலகிருஷ்ணன் வழக்கு இத்துறையில் முதன்மையானது. அந்தக் குடும்ப நிறுமத்தில் மொத்தம் 50 பங்குகள். இரு சகோதரர்களுக்கும் தலா 25. இரு கிளைகளும் என்றும் சமபங்கு வைத்திருக்க வேண்டும், விற்க விரும்புபவர் முதலில் தம் கிளையினருக்கே தர வேண்டும் என்று 1951இல் வாய்மொழி உடன்பாடு ஏற்பட்டது. பின்னாளில் ஒரு கிளையைச் சேர்ந்தவர் மறு கிளையினருக்கு விற்றுவிட்டார். விற்பனை செல்லாது, பங்குகளைத் தங்களுக்கே மாற்றித் தர வேண்டும் என்று அவர் கிளையினர் வழக்குத் தொடுத்தனர். சென்னை உயர் நீதிமன்றம் அவர்கள் பக்கம் தீர்ப்பளித்தது. உச்ச நீதிமன்றம் 1991இல் அதை மாற்றியது. சங்க நடைமுறை விதிகளில் இல்லாத தடை நிறுமத்தையும் கட்டுப்படுத்தாது, பங்குதாரரையும் கட்டுப்படுத்தாது என்பதே அதன் முடிவு.

இங்கே ஒரு வேறுபாட்டை மாணவர்கள் கவனிக்க வேண்டும். ‘என் பங்கை உனக்கு விற்கிறேன்’ என்பது விற்பனை ஒப்பந்தம். ‘பிறருக்கு விற்கமாட்டேன்’ என்பது மாற்று உரிமைக்கு இடும் தடை. ரங்கராஜ் தீர்ப்பு இரண்டாவதைப் பற்றியது. பொது நிறுமத்தைப் பொறுத்தவரை, பங்கு மாற்றம் குறித்து இருவர் செய்யும் உடன்பாடு ஒப்பந்தமாகச் செல்லும் என்று நிறுமச் சட்டம் 2013, பிரிவு 58 கூறுகிறது.

வழக்கின் நடைமுறை

1. ஒப்பந்தத்தில் குறித்த நாளிலிருந்தோ, நாள் குறிக்காவிட்டால் மறுப்பு தெரிந்த நாளிலிருந்தோ 3 ஆண்டுகளுக்குள் வழக்குத் தொடுக்க வேண்டும்.
2. தம் பங்குக்குப் பணம் செலுத்த எப்போதும் ஆயத்தமாகவும் விருப்பத்துடனும் இருந்ததை வாதி மெய்ப்பிக்க வேண்டும்.
3. முந்தைய ஒப்பந்தம் தெரியாமல், நல்லெண்ணத்துடன் விலை கொடுத்து வாங்கிய மூன்றாம் நபரிடமிருந்து பங்கைத் திரும்பப் பெற இயலாது.
4. தீர்ப்புக்குப் பின்னும் விற்றவர் கையொப்பமிட மறுத்தால், அவருக்காக நீதிமன்றமே ஆவணத்தை நிறைவேற்றித் தரலாம்.

கையொப்பம் கிடைத்தால் மட்டும் போதாது. நிறுமத்தின் உறுப்பினர் பதிவேட்டில் பெயர் ஏற வேண்டும். தனி நிறுமம் மறுத்தால் 30 நாளுக்குள் காரணத்துடன் அறிவிக்க வேண்டும். அறிவிப்பு கிடைத்த 30 நாளுக்குள் தேசிய நிறுமச் சட்டத் தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு செய்யலாம். மதுரையில் பதிவு அலுவலகம் உள்ள நிறுமமாயினும் இதற்குச் சென்னை அமர்வையே நாட வேண்டும்.

முன்னெச்சரிக்கை

குடும்பப் பெரியவர்கள் இருக்கும்வரை வாய்ச்சொல் நிற்கும். அடுத்த தலைமுறையில் விதியேட்டில் எழுதியதே நிற்கும். பங்குதாரர்கள் தமக்குள் செய்யும் உடன்பாட்டைச் சிறப்புத் தீர்மானம் வழியாகச் சங்க நடைமுறை விதிகளில் சேர்த்துவிட வேண்டும். அதற்கு, அளிக்கப்பட்ட வாக்குகளில் எதிர்ப்பைப் போல் குறைந்தது மூன்று மடங்கு ஆதரவு தேவை. உறவு நன்றாக இருக்கும்போது அந்த ஆதரவைப் பெறுவது எளிது.